ரெஜிஸ்டர் மட்டும்தான் ஆகியிருக்கிறது

டுரியான் துங்கால்,
ஞாயிற்றுக்கிழமை மாலை.

அன்புள்ள ஜானகிக்கு,

நிர்மலா எழுதுகிறேன். இங்கே நானும் பிள்ளை நிவேந்திரனும் சுகம். நீ சுகமா என்று கேட்டால் பதில் வராது என்று தெரியும். இருந்தாலும் முறை என்று ஒன்று இருக்கிறது, கேட்டுவிட்டேன்.

என் கையெழுத்தைக் கவரில் பார்த்ததும் சிரித்திருப்பாய், இல்லையென்றால் கிழிக்கப் போயிருப்பாய். கிழித்துவிடாதே. நான் கடைசியாக இவ்வளவு எழுதியது தமிழ்ப்பள்ளிக் கட்டுரைப் போட்டிக்கு. அதிலும் முதல் பரிசை நீதான் தட்டிக்கொண்டு போனாய். போன் அடித்தால் எடுக்க மாட்டேன் என்கிறாய். வாட்சாப்பில் அனுப்பினால் நீலக் கோடு விழுகிறது, பதில் விழுவதில்லை. கடல் தாண்டி பெர்த் நகரத்துக்கு நடந்து வர முடியாது என்பதால் இப்படி உட்கார்ந்து எழுதிக்கொண்டிருக்கிறேன்.

முதலில் விஷயத்தைச் சொல்லிவிடுகிறேன். எனக்கு இன்னும் கல்யாணம் ஆகவில்லை. ரெஜிஸ்டர் மட்டும்தான் ஆகியிருக்கிறது.

நீ அந்த ஊருக்குப் போய் ரொம்ப காலம் ஆகிவிட்டது, அதனால் மறந்திருப்பாய். உங்கள் ஊரில் கையெழுத்துப் போட்டு மோதிரம் மாற்றிக்கொண்டால் அன்றைக்கே புருஷன் பெண்சாதி. இங்கே அப்படியா? ரெஜிஸ்டர் பண்ணிவிட்டு மாதக்கணக்கில் அவரவர் அம்மா வீட்டில் இருந்துகொண்டு, ஒன்றாக ஒரு சினிமாவுக்குப் போகக்கூட வீட்டில் அனுமதி கேட்கிற பிள்ளைகள் நம் தாமான் வீடுகளிலேயே இருக்கிறார்கள். அந்தச் சர்டிபிகேட்டைக் காட்டாமல் கோவில்காரர்கள் மண்டபம் தருவதில்லை. அதனால் முதலில் அதை முடித்துவிட்டு, கோவிலில் நாள் குறித்துவிட்டு, தேதியோடு முதல் ஆளாக உன்னைக் கூப்பிட வேண்டும் என்று இருந்தேன். தேதி இல்லாமல் வாயால் மட்டும் சொன்னால் அது அழைப்பா? ஆடி பிறப்பதற்குள் நிவேந்திரனுக்கு ஜொகூரில் வேலை கிடைத்துவிட்டது. போவதற்கு முன்னால் சாட்சிக் கையெழுத்தை நான்தான் போடுவேன் என்று ஒற்றைக் காலில் நின்றான். அவனுக்காகத்தான் அவ்வளவு அவசரமாகப் போனோம்.

ரெஜிஸ்டர் அன்றைக்கு எடுத்த அந்தப் படத்தை நீ சரியாகப் பார்த்தாயா, இல்லை கோபத்தில் பாதியிலேயே மூடிவிட்டாயா? இன்னொரு தடவை எடுத்துப் பார். நான் பசாருக்குப் போட்டுக்கொண்டு போகிற பழைய பஞ்சாபி சூட்டில் நிற்கிறேன். தலையில் ஒரு முழம் பூ கிடையாது. கையில் பசார் பை, அதற்குள்ளிருந்து முருங்கைக்காய் எட்டிப் பார்க்கிறது. கல்யாணத்துக்கு எவளாவது முருங்கைக்காயோடு போவாளா? இன்னொரு சாட்சியாக வந்த பக்கத்து வீட்டு சுப்பம்மா அக்கா அந்த முருங்கைக்காயைப் பார்த்துச் சொன்னதை இங்கே எழுத முடியாது. ஆயர் குரோ பதிவிலாகாவில் அந்த மலாய் அதிகாரி அம்மா, படத்துக்காகக் கொஞ்சம் கிட்ட வந்து நில்லுங்கள் என்று கெஞ்சினார். மாப்பிள்ளை கணேஸ்வரன் நகர்ந்து வந்தும் எங்கள் இரண்டு பேருக்கு நடுவில் நீ தாராளமாக வந்து நிற்கலாம். அப்புறம் ஒரு செண்டோல் குடித்தோம். அவர் மத்தியானப் பள்ளிப் பிள்ளைகளை ஏற்ற பஸ்ஸுக்குப் போய்விட்டார். நான் வீட்டுக்கு வந்து மறுநாள் தோசைக்கு அரிசி களைந்தேன்.

மாவு அரைத்துக்கொண்டிருந்தபோதுதான் போன் அடுத்தடுத்து மணியடித்தது. நிவேந்திரன் அந்தப் படத்தைக் குடும்பக் குழுவில் போட்டு, "எங்கம்மாவுக்குக் கல்யாணம் முடிஞ்சிருச்சி, பார்ட்டி எப்ப?" என்று எழுதியிருக்கிறான். அதற்குக் கீழே நீ: "வாழ்த்துகள் நிர்மலா. என்னிடம் ஒரு வார்த்தை சொல்லவில்லை. நன்றாக இரு." அதற்குக் கீழே, ஜானகி குழுவைவிட்டு வெளியேறினார். மாவுக் கையோடு நான் போனைப் பிடித்துக்கொண்டு நின்றதில் அதன் ஓட்டையிலெல்லாம் மாவு புகுந்துவிட்டது. இப்போதும் நான் பேசினால் எதிரில் இருப்பவருக்குப் பாதிதான் கேட்கிறது.

நிவேந்திரனைத் திட்டாதே. அவனைத் திட்டுகிற பங்கை நான் முழுதாக முடித்துவிட்டேன். அழுகிற மாதிரி ஆகிவிட்டான். "அத்தைக்கு நீங்க முன்னமே சொல்லியிருப்பீங்கன்னுதானே நெனைச்சேன், அத்தைகிட்ட சொல்லாம நீங்க எதத்தான் செஞ்சிருக்கீங்க?" என்றான்.

உனக்கு ஏன் முன்பே சொல்லவில்லை என்பதற்குப் பிறகு வருகிறேன். ஓடிப் போக மாட்டேன். முதலில் கணேஸ்வரனைப் பற்றி எழுதுகிறேன். நீ அவரை இதுவரை ஒரு முருங்கைக்காய்க்குப் பின்னால்தான் பார்த்திருக்கிறாய்.

என் தோசை ஒட்டுக்கடையில் காலையில் சாப்பிட்டுவிட்டுத் தன் தட்டைத் தானே கழுவி வைக்கிற ஸ்கூல் பஸ்காரர் என்று ஒருவரைப் பற்றி உன்னிடம் சொல்லியிருக்கிறேன். "அந்த மாதிரி ஆம்பளைய மியூசியத்துல வைக்கணும்" என்று நீ சிரித்தாய். அவர்தான். என்னைவிட இரண்டு வயது மூத்தவர். ஒரே பிள்ளை. அம்மா படுக்கையில் இருந்ததால் அவரையே பார்த்துக்கொண்டு கல்யாணம் வேண்டாம் என்று இருந்துவிட்டார். அம்மா போய் நாலைந்து வருடம் இருக்கும். வீட்டில் அவரும் ஒரு மெர்போக் பறவையும்தான். அது காலையில் கூவவில்லை என்றால் அன்றைக்கு அவருக்குத் தோசை இறங்காது.

போன வருடம் அணைக்கட்டு ரோட்டில் என் கார் நின்றுபோனது. பின் சீட்டில் இரண்டு வாளி மாவு. விடிந்து நேரமாகிவிட்டது, யுனிவர்சிட்டிப் பிள்ளைகள் கடை வாசலில் காத்திருப்பார்கள். போகிற வருகிற ஆண்கள் எல்லாம் மோட்டாரை நிறுத்தினார்கள். ஒருவர் என்னைக் கேட்காமலே முன்பக்க மூடியைத் திறந்தார். ஒருவர் பேட்டரி என்றார், இன்னொருவர் பெண்கள் ஓட்டினால் இப்படித்தான் என்றார். எனக்கு வந்த எரிச்சலில் மாவை அவர் தலையில் கொட்டியிருப்பேன். அப்போது மஞ்சள் பஸ் வந்து நின்றது. கணேஸ்வரன் இறங்கி வந்து, காரைப் பார்க்கவில்லை, என்னைப் பார்த்து, "இப்ப என்ன செய்யலாம்னு நீங்க நினைக்கிறீங்க?" என்றார். மாவு கடைக்குப் போய்ச் சேர வேண்டும், கார் அப்புறம் என்றேன். பிள்ளைகள் உட்காருகிற சின்ன சீட்டில் முழங்கால் மடங்கி உட்கார்ந்து, மடியில் மாவு வாளியோடு டுரியான் துங்கால் டவுன் வழியாகப் போனேன் ஜானகி. ராணி மாதிரி இருந்தது.

இதில் என்ன பெரிய காதல் என்று நீ கேட்பாய். உனக்குப் புரியும், யோசித்துப் பார்.

உன் அண்ணன் நல்லவர். அதில் இன்றைக்கும் எனக்கு மாற்றுப் பேச்சு இல்லை. நான் கோகுலராஜைக் கட்டிக்கொண்டதே உன்னோடு ஒரே வீட்டில் இருக்கத்தான் என்று நீ ஊரெல்லாம் சொல்லிச் சிரிப்பாய், அதில் கொஞ்சம் உண்மையும் இருந்தது. ஆனாலும் அவரோடு சந்தோஷமாகத்தான் இருந்தேன். சேலையை அவரே எடுத்து வருவார், நன்றாக இருக்கும். கடைக்குப் போனால் எனக்கும் சேர்த்து அவரே சொல்வார், ருசியாகவும் இருக்கும். நெஞ்சுவலி என்று சொன்ன அன்றைக்கே அவர் போய்ச் சேர்ந்துவிட்டார். அதற்குப் பிறகு ஒருநாள் பேங்க் வேலையாக மலாக்கா போனபோது பசித்தது, தனியாக ஒரு கடையில் போய் உட்கார்ந்தேன். என்ன சாப்பிடுகிறீர்கள் என்று கேட்டார்கள். எனக்கு என்ன பிடிக்கும் என்று எனக்கே தெரியவில்லை. எழுந்து வந்து காய்ந்த வயிற்றோடு பஸ் ஏறினேன். அதை உன்னிடம் அழுதுகொண்டே சொன்னால் நீ விழுந்து விழுந்து சிரித்தாய். "நாளைக்குப் போயி எதையாவது ஒண்ணச் சொல்லு. புடிக்கலைன்னா மறுநாள் வேற ஒண்ணு சொல்லு. பைத்தியம், இதுக்கா அழுவுற?" என்றாய்.

அப்படித்தான் நான் என்னைக் கண்டுபிடித்தேன். பால் ஊற்றிய கோப்பி எனக்குப் பிடிக்காது. அத்தனை வருடம் தினமும் குடித்திருக்கிறேன்! புளிப்பு என்றால் உயிர். கண்ணாடியை இறக்கிவிட்டுக் கார் ஓட்டப் பிடிக்கும். கூட்டமாக இருக்கிற கல்யாணத்தைவிட ஆள் இல்லாத கோவில் பிடிக்கும். லைசன்ஸ் எடுக்கும்போது இரண்டு முறை தோற்று, போதும் என்று படுத்துக்கொண்டவளை அங்கிருந்து போனிலேயே திட்டி எழுப்பியது நீ. ஒட்டுக்கடை போட்ட முதல் நாள், தோசை எல்லாம் கல்லில் ஒட்டிக்கொண்டு ஒன்றுகூட எழும்பவில்லை என்றபோது வீடியோவில் என்னோடு உட்கார்ந்திருந்ததும் நீதான். கணேஸ்வரன் எனக்கு எதையும் கற்றுக்கொடுக்கவில்லை. எனக்கு என்ன வேண்டும் என்று நான் தெரிந்துகொண்ட பிறகு வந்து, என்ன வேண்டும் என்று கேட்டார். அவ்வளவுதான். அது எனக்குப் பிடித்துவிட்டது.

அவர் கல்யாணத்தைப் பற்றிப் பேசியதும் அப்படித்தான். கடையைக் கழுவி மூடிக்கொண்டிருந்தேன். பஸ் சாவியைக் கையில் உருட்டிக்கொண்டே, "எனக்கு இப்படித் தோணுது. உங்களுக்கு எப்படின்னு தெரியல. மெதுவா யோசிச்சு சொல்லுங்க, இல்லைன்னாலும் நாளைக்கு வந்து சாப்பிடுவேன்" என்றார். நான் வீட்டுக்கு வந்து கண்ணாடி முன்னால் நின்று பார்த்தேன். வெட்கமாக இருந்தது, இந்த வயதில். சிரிக்காதே.

யோசித்துச் சில நிபந்தனை போட்டேன். என் வீட்டைவிட்டு நான் வர மாட்டேன், அவர்தான் வர வேண்டும். கடை நடக்கும். கார் சாவி என்னிடம்தான் இருக்கும். எல்லாவற்றுக்கும் சரி என்றார். மெர்போக் கூண்டைப் பின்னறை ஜன்னலில் மாட்டிக்கொள்ளலாமா, அங்கே காலை வெயில் நன்றாக விழுகிறதே என்று மட்டும் கேட்டார். அது ஜானகி அறை, அவள் வந்து சொல்ல வேண்டும் என்றேன். வேறு எதுவும் கேட்காமல், அப்படியானால் கார் நிறுத்துகிற இடத்தில் மாட்டிக்கொள்கிறேன் என்றார்.

இப்போது வந்துவிட்டேன், நான் ஏன் சொல்லவில்லை என்பதற்கு.

சொல்லத்தான் போனை எடுப்பேன். நீ அந்த முதியோர் இல்லத்தில் வேலை முடித்து அசந்து வந்திருப்பாய். வந்ததும் ஆரம்பிப்பாய்: ரிட்டையர் ஆனதும் நேராக இங்கே வருவேன், பின்னறை எனக்கு, வாசலில் மல்லிகை, பின்னால் கறிவேப்பிலை, நீ தோசை சுடு, நான் கல்லாவில் உட்காருகிறேன், இரண்டு கிழவிகளும் வாரம் ஒருமுறை காரை எடுத்துக்கொண்டு ஊர் சுற்றலாம் என்று. அந்தக் குரலில் அவ்வளவு சந்தோஷம் இருக்கும். அதன் நடுவில் கணேஸ்வரனை எங்கே கொண்டுவந்து வைப்பது? நாளைக்குச் சொல்லலாம் என்று விடுவேன். மறுநாளும் மல்லிகை.

நீ உன் அண்ணனுக்காகக் கோபப்படுகிறாய் என்று எல்லோரும் நினைக்கிறார்கள். சுப்பம்மா அக்காகூட, "செத்தவன் தங்கச்சி, வலிக்கத்தானே லா செய்யும்" என்றார். எனக்குத் தெரியும், அது இல்லை. அவர் போன மூன்றாம் வருடமே, நல்ல ஆளாக வந்தால் கட்டிக்கொள் என்று சொன்னவள் நீ. உனக்குப் பயம். நான் உன்னைத் தனியாக விட்டுவிட்டுப் போய்விட்டேன் என்று நினைக்கிறாய். எனக்கும் அதே பயம்தான் ஜானகி. அந்தப் பயத்தில்தான் வாயை மூடிக்கொண்டிருந்தேன். பின்னறைக்கு நீ சொன்ன பச்சைப் பெயிண்ட்தான் அடித்திருக்கிறேன். கட்டிலை யாரும் நகர்த்தவில்லை, நகர்த்தவும் விடமாட்டேன். கை வலிக்கிறது, மிச்சத்தை அப்புறம் எழுதுகிறேன்.

புதன்கிழமை.

நல்லவேளை, கடிதத்தைத் தபாலில் போடவில்லை. இன்றைக்குப் பெரிய கூத்து நடந்துவிட்டது.

கடை முடிந்ததும் நானும் கணேஸ்வரனும் சுப்பம்மா அக்காவைக் கூட்டிக்கொண்டு மாரியம்மன் கோவிலுக்கு நாள் குறிக்கப் போனோம். ஆவணியில் கடைசி ஞாயிறு கிடைத்தது. ஐயர் தமிழ்நாட்டிலிருந்து புதிதாக வந்திருப்பவர், சின்ன வயது, எல்லாவற்றையும் எழுதிவைத்துக்கொள்கிறார். பெண் பெயர், மாப்பிள்ளை பெயர், நட்சத்திரம் எல்லாம் கேட்டுவிட்டு, மாப்பிள்ளை முதல் முடிச்சைப் போட்டதும் மிச்ச முடிச்சுகளைப் போடப் போகிற நாத்தனார் யார் என்று கேட்டார். கணேஸ்வரனுக்குத்தான் அக்கா தங்கச்சி யாரும் கிடையாதே. அவர் மாட்டிக்கொண்ட மாதிரி முழித்தார். சுப்பம்மா அக்கா, "நம்ம தாமான் மோகனா இருக்கால்ல, ரெண்டு புள்ளையோட நல்லா வாழற பொண்ணு, அவ போடட்டும்" என்றார்.

மோகனா நல்ல பெண்தான். எனக்கு அவள் கல்யாணம் ஞாபகம் வந்துவிட்டது. அன்றைக்கு நீ ஆரத்தித் தட்டை எடுத்தாய். புருஷனைவிட்டு வந்தவள் எடுக்கக்கூடாது என்று உன் கையிலிருந்து அதை வாங்கி வேறொருத்தியிடம் கொடுத்தது இதே சுப்பம்மா அக்காதான். அதற்கப்புறம் லீவில் வருகிறபோதெல்லாம் எத்தனை கல்யாணத்துக்கு என்னோடு வந்தாய், ஒன்றிலாவது மணவறைப் பக்கம் வந்திருக்கிறாயா? கடைசி வரிசையில் உட்கார்ந்து சாப்பிட்டுவிட்டு, காரில் காத்திருக்கிறேன் என்று போய்விடுவாய். நானும் ஒருநாளும் உன் கையைப் பிடித்து இழுத்து வந்ததில்லை.

என் வாய் தானாகச் சொல்லிவிட்டது: "ஜானகி போடுவா."

ஐயர் பேனாவைப் பிடித்துக்கொண்டு, அவங்க யாரு என்று கேட்டார். என் நாத்தனார் என்றேன். மாப்பிள்ளைக்குத்தான் தங்கச்சி இல்லையே என்று குழம்பினார். முதல் புருஷனின் தங்கச்சி என்றதும் பேனாவைக் கீழே வைத்துவிட்டார். சுப்பம்மா அக்கா என் துப்பட்டாவைப் பிடித்து இழுத்து, "அடியே, செத்தவன் தங்கச்சி எப்படிடி போடுவா? அதோட அவ வாழாம வந்தவ லா" என்று காதில் சொன்னார். காதில் சொன்னது அம்மன் சந்நிதிவரைக்கும் கேட்டிருக்கும். எனக்கு வந்ததே கோபம்! "அக்கா, தாலியறுத்த நானே மணவறையில உட்காரப் போறேன், என்னை விடுவீங்க, அவள விடமாட்டீங்களா?" என்று கேட்டுவிட்டேன். பூக்கட்டிக்கொண்டிருந்த பெண்கள் எல்லாம் கையை நிறுத்திவிட்டார்கள். ஐயர் தலையைச் சொறிந்து, "பொண்ணுக்கும் மாப்பிள்ளைக்கும் சம்மதம்னா எனக்கு என்னம்மா இருக்கு" என்று மறுபடி பேனாவை எடுத்தார்.

கணேஸ்வரன் அப்போதுதான் வாயைத் திறந்தார். "எனக்குச் சந்தோஷம். ஆனா அவங்கள கேட்டீங்களா? கேக்காம பேர எழுதக்கூடாது" என்றார். ஐயர் அந்த இடத்தைக் காலியாக விட்டுவிட்டார்.

வீட்டுக்கு வருகிற வழியில் சுப்பம்மா அக்கா உம்மென்று வெளியே பார்த்துக்கொண்டு வந்தார். தாமானுக்குள் நுழையும்போது, "நாத்தனாருக்குச் சேலை வைக்கணுமே, அவளுக்கு என்ன கலரு புடிக்கும்?" என்று கேட்டார். வாடாமல்லி என்றேன். மலாக்காவில் தனக்குத் தெரிந்த கடை இருக்கிறது, சனிக்கிழமை போகலாம் என்றார். ஆரத்தித் தட்டைப் பற்றி அவர் ஒன்றும் சொல்லவில்லை. காரைவிட்டு இறங்கும்போது அவர் கண் மட்டும் சிவந்திருந்தது.

ஆகவே ஜானகி, கேட்கிறேன். வந்து எனக்கு முடிச்சுப் போடுவாயா?

உன் அண்ணன் தாலி கட்டியபோது நீ போட்ட முடிச்சில் என் முடி மாட்டிக்கொண்டு நான் ஆ என்று கத்தியதும், "சும்மா இருடி, இனிமே எங்க வீட்டவிட்டு ஓட முடியாது" என்று நீ காதில் சொன்னாய். அன்றைக்கு நீ மாப்பிள்ளை வீட்டு ஆளாக நின்று போட்டாய். இந்தத் தடவை என் ஆளாக நின்று போடு. யார் என்ன சொன்னாலும் என் பின்னால் நீ நிற்க வேண்டும், உன் கை என் கழுத்தில் பட வேண்டும்.

உடம்பைப் பார்த்துக்கொள். குளிர் காலம், வேலைக்குப் போகும்போது ஸ்வெட்டரைப் போட்டுக்கொண்டு போ. அம்மன் உனக்குத் துணை இருக்கட்டும்.

நீ வராவிட்டாலும் உன்மேல் எனக்குக் கோபம் இல்லை என்று எழுதி முடிக்கத்தான் நினைத்தேன். எழுதிப் பார்த்தேன், பொய்யாக இருந்தது, அடித்துவிட்டேன். வந்துவிடு ஜானகி.

உன்,
நிர்மலா